முதலில் வைரஸ் காட்டை நிறுத்தவும்

இரவு 11.30 இருக்கும். புதுக்குடியிருப்புச் சந்தியில் கடைகள் எல்லாம் பூட்டியாயிற்று. நான் மட்டும் சட்டரைப் பாதி இழுத்துவிட்டு உள்ளே இருந்தேன். திரையின் நடுவில் ஒரு சின்னப் பெட்டி வந்து, விண்டோஸ் அப்டேட் நடக்கிறது, கொம்பியூட்டரை அணைக்க வேண்டாம் என்றது. சரி, நடக்கட்டும் என்று பிளாஸ்கில் மிச்சமிருந்த பிளேன்ரீயை ஊற்றினேன்.

அது விண்டோஸின் பெட்டி இல்லை. உள்ளே என் கோப்புகளை ஒவ்வொன்றாகப் பூட்டுகிற வேலை நடந்துகொண்டிருந்தது. டிஸ்க் ஏன் இப்படி இரைகிறது என்று நான் யோசிக்காமல் இருப்பதற்காகக் காட்டிய பொய்த்திரை அது. ரீ குடித்து முடியும்போது மேசைத்திரையில் இருந்த படங்கள் எல்லாம் வெறும் வெள்ளைத் தாளாகத் தெரிந்தன. ஒவ்வொரு கோப்பின் பெயருக்குப் பின்னாலும் அர்த்தமில்லாத நாலு ஆங்கில எழுத்து வாலாகத் தொங்கியது.

2023 வைகாசி. வற்றாப்பளை அம்மன் கோயில் பொங்கல் கிட்டிய நேரம். தாகசாந்தி பேனர், கோயில் நோட்டீஸ், இடையில் இரண்டு கல்வெட்டு வேலை. (வெளியூர் ஆட்களுக்காக: கல்வெட்டு என்றால் இங்கே கல்லில் வெட்டுவது இல்லை. இறந்தவரின் வாழ்க்கை வரலாறு, தேவாரம், வம்ச விபரம் எல்லாம் சேர்த்து 31ஆம் நாள் கொடுக்கிற சின்னப் புத்தகம்.) அதற்குள் சுவிஸில் இருந்து ஓர் அக்கா, மகளின் சாமத்திய வீட்டு (பூப்புனித நீராட்டு விழா) அழைப்பிதழை அங்கேயே யாரோ செய்து கொடுத்த கோப்பாக அனுப்பியிருந்தார். இங்கே உறவுகளுக்குக் கொடுக்க 200 காட் அடிக்க வேண்டும். “தம்பி, விடியக் காலமை பஸ்ஸில போட்டு விட்டால் போதும்” என்றார். என்னிடம் இருந்த டிசைன் மென்பொருளின் பழைய வேர்ஷன் அந்தக் கோப்பைத் திறக்க மறுத்துவிட்டது.

அழைத்து, பழைய வேர்ஷனில் சேமித்து அனுப்புங்கள் என்று கேட்டிருந்தால் முடிந்திருக்கும் வேலை. சுவிஸில் அப்போது மாலைதான். கேட்கவில்லை. திறக்க முடியவில்லை என்று சொல்ல வெட்கம். காசு கட்டாமல் ஓட வைக்கிற ‘கிராக்’ போட்ட புது வேர்ஷனைத் தேடி இறக்கினேன்.

வந்தது ஒரு சிப் கோப்பு, பல கோப்புகளைச் சுருக்கிக் கட்டிய பொட்டலம். திறக்கக் கடவுச்சொல் கேட்டது. கடவுச்சொல் பக்கத்திலேயே எழுதியிருந்தது, 1234. பூட்டியும் வைத்துச் சாவியையும் கதவிலேயே தொங்கவிட்டிருக்கிறார்களே என்று அப்போது எனக்குப் படவில்லை. கடவுச்சொல் போட்ட சிப்புக்குள் வைரஸ் காட்டால் (வைரஸைப் பிடிக்கிற காவல் மென்பொருளால்) எட்டிப்பார்க்க முடியாது. அந்தப் பூட்டு எனக்குப் போட்டதில்லை, வைரஸ் காட்டுக்குப் போட்டது. உள்ளே ஒரு குறிப்புக் கோப்பு. முதல் வரி: வைரஸ் காட்டை நிறுத்தவும். இரண்டாவது வரி: நிர்வாகி அனுமதியோடு ஓட்டவும்.

இரண்டையும் செய்தேன். அதுவரைக்கும் குறைந்தது இருபது தடவையாவது செய்திருப்பேன். கிராக் என்பதே மென்பொருளின் உள் கோப்பு ஒன்றை மாற்றி வைக்கிற வேலை, அல்லது விண்டோஸின் முகவரிக் கோப்பில் கைவைத்து, கம்பனியின் சேவையகத்தோடு மென்பொருள் பேச முடியாமல் செய்கிற வேலை. வைரஸும் இதையேதான் செய்யும். ஆகவே நல்ல கிராக்குக்கும் வைரஸ் காட் குரைக்கும், கெட்ட கிராக்குக்கும் குரைக்கும். குரைத்தால் நாயைக் கட்டிப்போட வேண்டும் என்று நாங்கள் பழகிவிட்டோம்.

இன்னொன்று. பழைய கிராக்குகள் நெட்டைக் கழற்றிவிட்டு ஓட்டச் சொல்லும். இது சொல்லவில்லை. எனக்கு அது வசதியாகத்தான் இருந்தது. அதன் விலை பிறகுதான் தெரிந்தது.

ஒவ்வொரு அடைவிலும் ஒரு கடிதம் கிடந்தது. எழுத்துப் பிழையோடு, மரியாதையான ஆங்கிலம். கோப்புகளை மீட்க 980 டொலர். 72 மணித்தியாலத்துக்குள் தொடர்பு கொண்டால் பாதி விலை, 490. அன்றைய டொலர் விலைக்கு ஒன்றரை இலட்சம் ரூபாவை ஒட்டிய தொகை. நம்பிக்கைக்கு, பெறுமதியான தகவல் எதுவும் இல்லாத ஒரு கோப்பை அனுப்பினால் இலவசமாகத் திறந்து காட்டுவார்களாம். சந்தையில் பலாச்சுளை ஒன்றை ருசி பார்க்கக் கொடுப்பது மாதிரி.

வன்னியில் கப்பம் என்ற சொல்லை யாருக்கும் விளங்கப்படுத்தத் தேவையில்லை. ஆனால் அது ஒரு குறிப்புக் கோப்பாக வரும் என்று நான் நினைத்திருக்கவில்லை.

அந்த நேரத்தில் நான் செய்த பிழைகளைச் சொல்கிறேன், யாருக்காவது உதவும். நெட் வயரைப் பிடுங்கவில்லை. அதைவிடப் பெரிய பிழை, எக்ஸ்டேனல் டிஸ்க் பின்னால் செருகியபடியே இருந்தது. எட்டு வருட வேலைக்கும் அதுதான் ‘பெக்கப்’ என்று நினைத்துக்கொண்டிருந்தேன். கொம்பியூட்டரோடு எப்போதும் ஒட்டிக்கொண்டிருக்கிற டிஸ்க், வைரஸின் கண்ணுக்கு இன்னொரு அடைவுதான். அதையும் பூட்டிவிட்டது. பயத்தில் சில கோப்புகளின் வாலை வெட்டி, பழைய பெயரை வைத்துப் பார்த்தேன். ஒன்றும் திறக்கவில்லை. விடியும்வரை அந்தக் கடிதத்தையே திரும்பத் திரும்ப வாசித்துக்கொண்டிருந்தேன்.

காலையில் சுவிஸ் அக்காவிடம் உண்மையைச் சொன்னேன். அவர் பீடிஎஃப் அனுப்பினார். பத்து நிமிடத்தில் அச்சுக்குப் போயிற்று.

அறிவியல் நகரில் பொறியியல் படிக்கிற பெடியன் ஒருவன் எங்கள் ஒழுங்கைக்காரன். சனிக்கிழமை வீட்டுக்கு வந்தவனைக் கடைக்குக் கூட்டி வந்தேன். கடிதத்தைப் பார்த்தவுடனேயே இது ஸ்டொப் டிஜேவியூ என்ற கப்ப வைரஸ் குடும்பம் என்றான். உலகம் முழுக்க வீட்டுக் கொம்பியூட்டர்களையும் சின்னக் கடைகளையும் பிடிக்கிற வகை. பெரிய கம்பனிகளுக்குப் பின்னால் அலைவதில்லை, கிராக்குகளுக்குள் குந்தியிருந்து எங்களைப் போன்ற ஆட்கள் தேடி வரும்வரை பார்த்துக்கொண்டிருக்கும்.

கடிதத்தின் அடியில் நீளமான ஓர் அடையாள இலக்கம் இருந்தது. அதன் கடைசி இரண்டு எழுத்தை முதலில் பார்த்தான். ‘t1’ என்று முடிந்திருந்தால், வைரஸால் தன் சேவையகத்தோடு பேச முடியாமல் போய், தனக்குள் இருந்த பொதுச் சாவியால் பூட்டியிருக்கிறது என்று அர்த்தம். அந்தப் பொதுச் சாவிகள் சிலது வெளியே கிடைத்திருக்கின்றன. எம்சிசொஃப்ட் என்ற நிறுவனம் 2019 ஒக்டோபரில் இதற்கு ஒரு இலவசக் கருவியே விட்டது. என்னுடையது அப்படி முடியவில்லை. நெட் இருந்ததால் வைரஸ் தன் சேவையகத்துக்குப் போய் எனக்கென்றே ஒரு தனிச் சாவி எடுத்து வந்திருக்கிறது. கிராக் போடும்போது நெட்டைக் கழற்றுகிற பழைய பழக்கமாவது இருந்திருக்கலாம்!

“காசு கட்டவேணாம் அண்ணை” என்றான். “கட்டினாலும் திறப்பு வரும் எண்டு ஒரு உத்தரவாதமும் இல்லை. யூரியூப்பில திறந்து தாறம் எண்டு வாறதையும் இறக்கிப் போடாதேங்கோ.” 2020இல் இந்த வைரஸுக்கு மருந்து என்று வந்த ஒரு கருவியே இன்னொரு கப்ப வைரஸாக இருந்ததாம். பூட்டின கோப்பை மறுபடி ஒருதரம் பூட்டுமாம். நெதர்லாந்துப் பொலிசும் யூரோபோலும் சேர்ந்து 2016இல் தொடங்கிய ‘நோ மோர் ரான்சம்’ தளத்தில் இருக்கிற கருவிகளை மட்டும் நம்பச் சொன்னான். பூட்டுப்பட்ட கோப்புகளை அழிக்காமல், அந்தக் கடிதத்தோடு சேர்த்து ஒரு தனி டிஸ்க்கில் போட்டு வைக்கச் சொன்னான். எப்போதாவது சாவிகள் பிடிபட்டால் உதவும். பிறகு கொம்பியூட்டரை முழுக்கப் போமட் அடித்தோம்.

முடிந்தது என்று நினைத்தேன். மூன்றாம் நாள் கடையின் முகநூல் பக்கத்தில், என் பெயரில், யாருக்கும் விளங்காத பாஷையில் ஏதோ கைக்கடிகார விளம்பரம் ஓடியது. இந்த வகை வைரஸ் பல நேரம் தனியாக வருவதில்லை, உலாவியில் சேமித்திருக்கிற கடவுச்சொற்களையும் திறந்திருக்கிற கணக்குகளின் அனுமதிச் சீட்டுகளையும் அள்ளுகிற இன்னொன்றையும் கூட்டி வரும். அனுமதிச் சீட்டே கையில் இருந்தால் போனுக்கு வருகிற ஆறு இலக்க எண்ணெல்லாம் கேட்கப்படாது, ஏற்கெனவே உள்ளே வந்தவர் என்று தளம் விட்டுவிடும். பக்கம் போனது போனதுதான். அன்றைக்கே வேறொரு போனில் இருந்து எல்லாக் கடவுச்சொல்லையும் மாற்றி, எல்லாக் கருவியிலும் இருந்து வெளியேறு என்ற பொத்தானை அழுத்தியிருந்தால் தப்பியிருக்கும். வங்கிக் காட்டை மட்டும் உடனே நிறுத்தினேன். அது மனைவியின் புத்தி.

பேனர்கள், சிட்டைப் புத்தகங்கள், அழைப்பிதழ்கள் போனதெல்லாம் பெரிய கவலை இல்லை. திரும்பச் செய்யலாம். நான் பயந்தது ஆட்களின் படங்களை நினைத்துத்தான்.

எங்கள் பக்கத்தில் பழைய படம் என்பது லேசான பொருள் இல்லை. 2008, 2009 இடப்பெயர்வில் ஒவ்வொரு இடமாக எழும்பி எழும்பிப் போனபோது அல்பங்கள் வீடுகளோடு போய்விட்டன. அடையாள அட்டைக்கு எடுத்த படம், பள்ளிக்கூடக் குழுப்படத்தில் நகமளவு முகம், வெளிநாட்டு உறவுக்கு முந்தி அனுப்பியதில் தப்பியது, இவ்வளவுதான் பல குடும்பங்களிடம். அதைக் கொண்டு வந்து தருவார்கள். ஸ்கான் செய்து, கறையை எடுத்து, கிழிசலை ஒட்டி, பெருப்பித்துக் கொடுப்போம். பட்டியல் போட்டு வைக்காவிட்டாலும், ஊரின் முகங்களில் ஒரு பங்கு என் டிஸ்க்கில் இருந்தது. அதை ஒரு கிராக்கின் பக்கத்தில் வைத்திருந்தேன்.

அப்படி ஓர் அம்மா. 2017இல் கணவரின் பாஸ்போட் அளவுப் படத்தைப் பொலித்தீனில் சுற்றிக் கொண்டு வந்தார். அவரிடம் இருந்த ஒரே படம். 600 டிபிஐயில் (ஓர் அங்குலத்துக்கு 600 புள்ளி) ஸ்கான் செய்து பெருப்பித்துக் கொடுத்தேன். 2018 மார்கழியில் கிளிநொச்சி, முல்லைத்தீவெல்லாம் வெள்ளம் வந்ததே, அதில் அந்தச் சின்னப் படமும் பெரிய படமும் சேர்ந்து போய்விட்டன. பிறகு ஒரு தடவை அச்செடுத்துக் கொடுத்தேன், அது கரையான் அரித்தது. 2023 ஆனியில் வந்தார். ஆவணியில் மகளுக்குக் கலியாணம், மணவறைக்குப் பக்கத்தில் வைக்கத் தகப்பனின் படம் வேண்டும்.

“உங்களிட்டத்தானே தம்பி இருக்குது” என்றார்.

“இருக்குதம்மா, ரெண்டு மூண்டு நாள் பொறுங்கோ” என்று சொல்லி அனுப்பிவிட்டேன். பொய்தான்.

இலவசமாகத் திறந்து காட்டுகிறோம் என்றார்களே, இந்தப் படத்தையே அனுப்பினால் என்ன என்று பெடியனைக் கேட்டேன். “எது உங்களுக்குப் பெறுமதி எண்டு நீங்களே அவங்களுக்குச் சொல்லிக் குடுக்கப் போறீங்களோ?” என்றான். பிறகு கேட்டான், ஸ்கான் செய்தது எந்த வகைக் கோப்பு? டிஃப். சுருக்காத டிஃப். அவன் முகம் மாறியது.

இந்த வைரஸ் அவசரக்காரன். பெரிய கோப்புகளை முழுக்கப் பூட்ட நேரம் எடுக்கும், அதற்குள் ஆள் கண்டுபிடித்துவிடுவான் என்று ஒவ்வொரு கோப்பிலும் முதல் 150 கிலோபைட்டை மட்டும் குழப்பிவிட்டு அடுத்ததற்குப் போய்விடும். சின்னக் கோப்பு என்றால் முழுசும் போய்விடும். ஜேபெக் போலச் சுருக்கிய படத்தில் தலை போனால் மிச்சத்தை வாசிப்பது கஷ்டம். சுருக்காத டிஃப்பில் அப்படி இல்லை. புள்ளிக்குப் புள்ளி நிறம் வரிசையாக எழுதியிருக்கும். அந்த அம்மா தந்த படத்தின் கோப்பு இரண்டரை மெகாபைட்டுக்குக் கொஞ்சம் கூட.

கிம்ப் என்ற இலவச மென்பொருளை இறக்கினோம். அதில் ஒரு கோப்பை எந்த வகையென்றே பார்க்காமல் வெறும் தரவாகத் திறக்கலாம். அகலம் எத்தனை புள்ளி, எத்தனையாவது பைட்டில் இருந்து தொடங்க வேண்டும் என்று நாங்கள்தான் சொல்ல வேண்டும். முதலில் ஒரு குத்துமதிப்புக்கு 800 போட்டோம். திரை முழுக்கச் சரிந்த கோடுகள், மழை பெய்கிற தொலைக்காட்சி மாதிரி. 35 மில்லிமீற்றர் அகலம், 600 டிபிஐ என்று கணக்குப் பார்த்தால் 827 வர வேண்டும் என்றான். 820. கோடுகள் கொஞ்சம் நிமிர்ந்தன. 825. ஒரு தோள், சரிந்தபடி. 826இல் முகம் சாய்ந்த சுவரில் ஒட்டிய நோட்டீஸ் போல நின்றது. 827 போட்டதும் நேரே நிமிர்ந்து எங்களைப் பார்த்தார்.

மேலே ஒரு கீற்று மட்டும் மணல் அள்ளிக் கொட்டியது போல இருந்தது. ஆயிரத்துச் சொச்ச வரிசையில் அறுபது வரிசை. உண்மைப் படத்தில் மூன்று மில்லிமீற்றர்கூட இல்லை. தலைக்கு மேலே இருந்த வெறும் பின்சுவர். அதை நிரப்பக் கால் மணித்தியாலம் போதும். பூட்டுப்பட்ட நாலாயிரத்துக்கு மேற்பட்ட கோப்புகளில் அப்படி மீட்டது 63. எல்லாம் பழைய ஸ்கான்கள். இடம் மிச்சம் பிடிக்கிறேன் என்று ஜேபெக்காக மாற்றி வைத்தவை ஒன்றும் வரவில்லை.

அதுவரை கிம்பைப் பற்றி என் அபிப்பிராயம், பள்ளிக்கூடப் பிள்ளைகள் விளையாடுகிற சாமான் என்பதுதான். திறந்தே பார்க்காமல் வைத்திருந்த அபிப்பிராயம்.

எப்படி இந்தப் பழக்கம் வந்தது என்று யோசித்தால், மென்பொருளுக்கு விலை இருக்கிறது என்றே எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை. மீள்குடியேறி வந்த காலத்தில் ஒரு பயிற்சி நிலையத்தில் ஆறு மாதம் படித்தேன். பேஜ்மேக்கர், போட்டோஷொப், கோரல் ட்ரோ. எல்லாம் ஒரே சீடியில் வந்தவை. (பேஜ்மேக்கரின் கடைசி வேர்ஷன் வந்தது 2001இல். நாங்கள் பத்து வருடம் கழித்து அதற்குச் சான்றிதழ் வாங்கினோம்.) கொம்பியூட்டர் வாங்கினால் “எல்லாம் போட்டுத்தான் தருவம்” என்பார்கள், மேசைக்கு மேசைவிரிப்புப் போலே. 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டப்படி, உரிமமில்லாதது என்று தெரிந்தே ஒரு மென்பொருளைத் தொழில் இலாபத்துக்குப் பாவித்தால் 5 இலட்சம் ரூபா வரை தண்டம், 6 மாதம் வரை மறியல் (சிறை), அல்லது இரண்டும். இதை நான் வாசித்தது எல்லாம் நடந்து முடிந்த பிறகு. சட்டத்துக்குப் பயந்து இங்கே யாரும் கிராக்கை விட்டதாகக் கேள்விப்படவில்லை, நானும் அப்படி விடவில்லை.

காசுக் கணக்கும் சும்மா இல்லை. பெயர் போன டிசைன் மென்பொருள் ஒன்றுக்கே மாதம் 20 டொலருக்கு மேல். 2022இல் டொலர் 200இல் இருந்து 360 வரை பாய்ந்தபோது யாராவது என்னிடம் உரிமம் வாங்கு என்று சொல்லியிருந்தால் சிரித்திருப்பேன். கரண்டே மணித்தியாலக் கணக்கில் இல்லாத வருடம் அது.

ஆகவே இலவசங்களுக்கு மாறினேன். பேனருக்கும் காட்டுக்கும் இங்க்ஸ்கேப், படத்துக்குக் கிம்ப், கல்வெட்டுப் புத்தகத்துக்கு ஸ்கிரைபஸ். முதல் மூன்று மாதம் கை தடுமாறியது. விரல் பழைய குறுக்குவிசையையே தேடும். இங்க்ஸ்கேப்பில் செய்த முதல் கோயில் பேனரில் குங்குமச் சிவப்பு, பிளெக்ஸ் அடித்து வரும்போது செங்கல் நிறமாக வந்தது. திரை காட்டுகிற ஆர்ஜிபிச் சிவப்பை மை தராது, அச்சின் நிறக் கணக்கு வேறு. இப்போது எங்கள் பிளெக்ஸ்காரரிடம் நிறக்கட்டங்கள் போட்ட ஒரு துண்டு அடித்து வாங்கிச் சுவரில் ஒட்டி வைத்திருக்கிறேன். அதைப் பார்த்துத்தான் நிறம் தெரிவு செய்வது, திரையை நம்புவதில்லை. அச்சுக்கு அனுப்பும்போது எழுத்துகளை வடிவமாக மாற்றிப் பீடிஎஃப் ஆகத்தான் அனுப்புகிறேன். அவர்கள் என்ன வேர்ஷன் வைத்திருந்தாலும் எனக்குப் பிரச்சினை இல்லை.

கோரல் ட்ரோவில் செய்த பழைய கோப்புகளை இங்க்ஸ்கேப் திறக்கும், ஆனால் எழுத்து அங்குமிங்கும் ஓடியிருக்கும். பாமினி என்ற பழைய தமிழ் எழுத்துருதான் பெரிய தலையிடி. வன்னியில் இன்னும் பாதிக் கடை பாமினியில்தான் தட்டுகிறது. அந்த எழுத்துரு இல்லாத கொம்பியூட்டரில் ‘அம்மா’ என்ற சொல் எம், கே, ஓர் அரைப்புள்ளி, மறுபடி கே, எச் என்று நிற்கும். எந்தக் கொம்பியூட்டரிலும் தமிழாகவே நிற்கிற யூனிகோட்டுக்கு நான் மாறிவிட்டேன். இந்த மென்பொருட்களில் கொம்பும் காலும் இடம் மாறாமல் வருகிறது. அழகான தலைப்பு எழுத்துருக்கள் யூனிகோட்டில் குறைவு என்பது உண்மைதான். சாமத்திய வீட்டுக் காட்டுக்கு வளைந்து நெளிந்த எழுத்துத்தான் வேண்டும் என்று நிற்பவர்களுக்கு இன்னும் பாமினிக் குடும்பத்தைத்தான் எடுக்கிறேன்.

ஒரேயொரு மென்பொருளுக்கு மட்டும் காசு கட்டுகிறேன், அதுவும் அல்பம் வேலை வருகிற மாதங்களில் மட்டும். ஒரு அல்பத்தின் கூலிக்குள் அடங்கிவிடும். வெளிநாட்டுக் கொடுப்பனவுக்கு வங்கிக் காட்டைத் திறந்துவிடச் சொல்லி வங்கியில் ஒரு படிவம் நிரப்ப வேண்டியிருந்தது, அவ்வளவுதான்.

டிஸ்க் இப்போது இரண்டு. ஒன்று கடை அலுமாரியில், சனிக்கிழமை பின்னேரம் மட்டும் செருகி, ஏற்றி, கழற்றுவது. மற்றது வீட்டில். ஆட்களின் படங்கள் மட்டும் இணையக் கிடங்கிலும் ஒரு பிரதி. ஸ்கான் எல்லாம் டிஃப்தான், எவ்வளவு இடம் பிடித்தாலும். படம் கொடுக்கும்போது பென் டிரைவிலோ வட்ஸ்அப்பில் டொக்கியுமென்ட் ஆகவோ ஒரு பிரதியை அவர்களிடமே கொடுத்துவிடுகிறேன். முந்தி அப்படிக் கொடுப்பதில்லை. மறுபடி அச்செடுக்க எங்களிடம்தானே வர வேண்டும் என்ற வியாபாரப் புத்தி.

அந்த அம்மாவுக்கு ஆவணிக்கு முதலே படம் கொடுத்தாயிற்று. பூட்டுப்பட்ட கதையைச் சொன்னேன். அவருக்கு அது சரியாக விளங்கவில்லை. படத்தின் மேல்பக்கத்தைத் தடவிப் பார்த்து, “முந்தினதில இவ்வளவு இடம் இருக்கேல்லையே” என்றார். சுவரை நான் கொஞ்சம் தாராளமாக நிரப்பிவிட்டேன் போல.

மிச்சக் கோப்புகள் இருக்கிற டிஸ்க், கடிதத்தோடு சேர்த்து, அலுமாரியின் கீழ்த்தட்டில் இருக்கிறது. சில மாதத்துக்கு ஒருமுறை எடுத்து எம்சிசொஃப்ட் கருவியை ஓட்டிப் பார்ப்பேன். போன மாதமும் ஓட்டினேன். இந்த அடையாளத்துக்குச் சாவி இல்லை என்றது. கழற்றி, பொலித்தீனில் சுற்றி, திரும்ப வைத்தேன்.